போபால் நச்சுவாயு: ஒரு நகரத்தின் நோய்க்கு விலை போட்ட விதம்

1989 பிப்ரவரி 14 அன்று இந்திய உச்ச நீதிமன்றம் ஒரு தொகையை அறிவித்தது: 47 கோடி அமெரிக்க டாலர். அன்றைய மாற்று விலையில் ஏறத்தாழ 715 கோடி ரூபாய். யூனியன் கார்பைடு என்ற அமெரிக்க நிறுவனத்தின் ஆலையிலிருந்து கசிந்த நச்சுவாயுவால் போபாலில் இறந்தவர்கள், நுரையீரல் கெட்டவர்கள், பார்வை மங்கியவர்கள், இனிமேல் நோயாளி ஆகப்போகிறவர்கள் எல்லாருக்கும் சேர்த்து, முழுமையாகவும் இறுதியாகவும் தரப்பட்டது இது. இந்திய அரசு வழக்கில் கேட்டிருந்ததோ 300 கோடி டாலருக்கு மேல்.

கேட்டதற்கும் கிடைத்ததற்கும் இவ்வளவு இடைவெளி ஏன் என்று அரசியல் ரீதியாக நிறையப் பேர் எழுதியிருக்கிறார்கள். இந்த ஆய்வு வேறு ஒன்றைப் பார்க்கிறது. நோயும் காயமும் ஒரு சமூகத்துக்கு வைக்கும் செலவை அளப்பதற்குப் பொருளாதாரத்தில் முறைகள் இருக்கின்றன. போபாலில் அந்த அளவு எப்படி எடுக்கப்பட்டது, எந்த இடத்தில் எது விட்டுப்போனது? என் கருத்தில் பெரிய தவறு கூட்டல் கழித்தலில் நடக்கவில்லை. யாரை எந்த வகையில் சேர்ப்பது, எந்தத் தேதியோடு கணக்கை முடிப்பது என்ற இரண்டு முடிவுகளில் நடந்தது.

அந்த இரவு

1984 டிசம்பர் 2ஆம் தேதி பின்னிரவு. இ-610 என்ற தொட்டியில் பூச்சிக்கொல்லி தயாரிக்கப் பயன்படும் மெத்தில் ஐசோசயனேட் என்ற நச்சு வேதிப்பொருள் சுமார் 40 டன் இருந்தது. அதற்குள் தண்ணீர் புகுந்தது; வெப்பமும் அழுத்தமும் ஏறின. குளிரூட்டும் கருவி மாதக்கணக்கில் நிறுத்தி வைக்கப்பட்டிருந்தது. வாயுவை எரித்து அழிக்கும் கோபுரம் பழுதுபார்ப்பில் இருந்தது. வாயு வெளியேறி ஆலைக்கு எதிரே இருந்த ஜெயப்பிரகாஷ் நகர், காஜி கேம்ப், ரயில் நிலையம் என்று தெற்கே படர்ந்தது. கீழே தங்கும் கனமான வாயு அது. குடிசையில் தரையில் படுத்திருந்தவர்கள்தான் முதலில் சுவாசித்தார்கள். ஓடியவர்கள் மூச்சு வாங்க வாங்க இன்னும் அதிகமாக உள்ளே இழுத்தார்கள்.

அங்கே வாழ்ந்தவர்கள் யார் என்பது பின்னால் வரும் கணக்குக்கு முக்கியம். மூட்டை தூக்குபவர்கள், கைவண்டி இழுப்பவர்கள், கட்டட வேலைக்காரர்கள், வீட்டில் உட்கார்ந்து பீடி சுற்றும் பெண்கள். அவர்களில் பெரும்பாலோருக்கு உடம்பைத் தவிர வேறு முதல் இல்லை. சம்பளச் சீட்டு கிடையாது, சேமநல நிதி கிடையாது, விடுப்பு என்ற பேச்சே கிடையாது. ஒருநாள் மூச்சுத் திணறினால் அன்றைக்குக் கூலி இல்லை.

அளக்கும் முறைகள்

நோயின் பொருளாதாரச் செலவைக் கணக்கிடும் இன்றைய முறைக்கு அடித்தளம் போட்டவர்களில் முக்கியமானவர் அமெரிக்கப் பொருளாதார அறிஞர் டோரதி ரைஸ். 1960களின் நடுவில் அமெரிக்க அரசின் பொதுச் சுகாதாரத் துறைக்காக அவர் செய்த வேலையில் செலவு இரண்டாகப் பிரிக்கப்பட்டது. மருத்துவர், மருந்து, படுக்கை, மறுவாழ்வு என்று கையிலிருந்து போகும் பணம் நேரடிச் செலவு. நோயாலும் சாவாலும் நடக்காமல் போன வேலை, வராமல் போன வருமானம் மறைமுகச் செலவு. வலியும் துக்கமும் இதில் வராது. அவற்றுக்கு வேறு முறை வேண்டும் என்று அவர்களே ஒத்துக்கொண்டார்கள்.

வருமான இழப்பை வைத்து மனிதரின் இழப்பை அளப்பதை மனித மூலதன முறை என்பார்கள். சாலை விபத்து வழக்குகளில் நம் நீதிமன்றங்கள் செய்வதும் ஏறக்குறைய இதுதான்: மாத வருமானம், வயது, அதற்கேற்ற பெருக்கல் எண். கணக்குப் போடச் சுலபம். ஆனால் பிறவிக்கோளாறு ஒன்று உண்டு. குறைவாகச் சம்பாதிப்பவரின் உயிரும் உடலும் குறைந்த விலைக்கே போகும். சம்பளமே இல்லாதவர் கணக்கில் வரவே மாட்டார். ரைஸ் இதை உணர்ந்திருந்தார். வீட்டைக் கவனிக்கும் பெண்களின் வேலைக்கு, அதையே கூலிக்குச் செய்யும் வீட்டு வேலையாளின் சம்பளத்தை மதிப்பாக வைத்தார். குறைவான மதிப்புத்தான். ஆனாலும் பூஜ்ஜியம் இல்லை.

இன்னொரு பிரிவினையும் இருக்கிறது. ஓர் ஆண்டை எடுத்துக்கொண்டு, அந்த ஆண்டில் நோயோடு இருக்கும் எல்லாருக்கும் ஆகும் செலவைக் கூட்டலாம். அல்லது ஒரு நிகழ்வில் நோய்வாய்ப்பட்டவர்களை எடுத்துக்கொண்டு, அவர்கள் சாகும் வரை ஆகும் செலவைக் கூட்டி இன்றைய மதிப்புக்குக் கொண்டுவரலாம். விபத்துக்கு இரண்டாவதுதான் பொருந்தும். ஆனால் அதற்கு நோய் எப்படிப் போகும் என்று தெரிந்திருக்க வேண்டும். 1989இல் போபால் நோயின் போக்கு யாருக்கும் தெளிவாகத் தெரியாது. அந்த வாயுவை அவ்வளவு பேர் சுவாசித்த நிகழ்வு உலகில் அதற்கு முன் நடந்ததில்லை. இந்திய மருத்துவ ஆராய்ச்சிக் கவுன்சில் சுமார் 80,000 பேரைப் பின்தொடரும் ஆய்வை 1985இல்தான் தொடங்கியிருந்தது. அது முடியும் முன்பே தொகை முடிவாகிவிட்டது.

எந்த ஊர் நீதிமன்றம்?

ஒரு கேள்வி சட்டக் கேள்வி போலத் தெரியும். உண்மையில் அது விலை பற்றிய கேள்வி. வழக்கு எங்கே நடக்க வேண்டும்?

இந்திய அரசு 1985இல் ஒரு சட்டம் கொண்டுவந்து, பாதிக்கப்பட்ட அத்தனை பேருக்கும் தானே பிரதிநிதி என்று அறிவித்தது. பிறகு அமெரிக்காவில் வழக்குப் போட்டது. அமெரிக்க நீதிமன்றம் கொடுத்தால் அமெரிக்க அளவில் இழப்பீடு வரும் என்பதுதான் கணக்கு. 1986 மே 12 அன்று நியூயார்க் நீதிபதி ஜான் கீனன், இதை விசாரிக்க ஏற்ற இடம் இந்தியாதான் என்று வழக்கைத் திருப்பி அனுப்பினார். அந்த உத்தரவோடு ஒரு நுரையீரலின் மதிப்பு டாலர் சம்பளத்திலிருந்து போபால் தினக்கூலிக்கு இறங்கியது. உடலில் நேர்ந்த சேதத்தில் எந்த மாற்றமும் இல்லை, அளவுகோல்தான் மாறியது.

போபால் மாவட்ட நீதிபதி எம்.டபிள்யூ. தேவ் 1987 டிசம்பரில் 350 கோடி ரூபாய் இடைக்கால நிவாரணம் தர உத்தரவிட்டார். மத்தியப் பிரதேச உயர் நீதிமன்றம் 1988 ஏப்ரலில் அதை 250 கோடி ஆக்கியது. நிறுவனம் உச்ச நீதிமன்றத்துக்குப் போனது. இடைக்கால நிவாரணம் பற்றிய அந்த மேல்முறையீட்டில்தான், தலைமை நீதிபதி ஆர்.எஸ். பதக் அமர்வின் முன் முழு வழக்குமே சமரசத்தில் முடிந்தது. சாட்சி விசாரணை நடக்கவில்லை. எத்தனை பேர், என்ன நோய் என்று எந்த நீதிமன்றமும் அதுவரை கண்டறியவில்லை.

நீதிமன்றத்தின் பட்டியல்

1989 மே 4 அன்று உச்ச நீதிமன்றம் காரணங்களோடு ஓர் உத்தரவு போட்டது. தொகை எப்படி வந்தது என்று அதில் ஒரு தோராயக் கணக்கு இருக்கிறது. நோயின் செலவை அளப்பதில் அக்கறை உள்ள எவரும் நிதானமாகப் படிக்க வேண்டிய பகுதி அது.

இறந்தவர்கள் சுமார் 3,000 பேர். தலைக்கு 1 லட்சம் முதல் 3 லட்சம் ரூபாய். மொத்தம் 70 கோடி. நிரந்தரமாக முழுவதுமோ ஓரளவோ ஊனமானவர்கள் 30,000 பேர். 50,000 முதல் 2 லட்சம். மொத்தம் 250 கோடி. தற்காலிக ஊனம் 20,000 பேர், 25,000 முதல் 1 லட்சம், 100 கோடி. மிகக் கடுமையாகப் பாதிக்கப்பட்டவர்கள் 2,000 பேர், 4 லட்சம் வரை, 80 கோடி. சிறப்பு மருத்துவ வசதிக்கு 25 கோடி. மிச்சமிருக்கும் சிறு காயங்கள், உடைமை இழப்பு, செத்துப்போன கால்நடைகள் எல்லாவற்றுக்கும் சேர்த்து 225 கோடி. கூட்டினால் 750 கோடி வரும்.

இறப்புக்குப் போட்ட தொகை, மோட்டார் வாகன விபத்து வழக்குகளில் சராசரியாகக் கிடைப்பதைப் போல ஏறக்குறைய மூன்று மடங்கு என்றும் நீதிமன்றம் சொன்னது. நியாயமாகவே கொடுக்கிறோம் என்று காட்டத்தான் அந்த ஒப்பீடு. ஆனால் இரண்டுக்கும் ஒரு அடிப்படை வேறுபாடு இருக்கிறது. பேருந்து மோதிக் கால் முறிந்தால், வழக்கு முடிவதற்குள் எலும்பு கூடியிருக்கும் அல்லது கூடாமல் போயிருக்கும். சேதம் எவ்வளவு என்று தெரிந்துவிடும். நச்சு சுவாசித்த நுரையீரலில் சேதம் ஆண்டுக்கு ஆண்டு வளரும். முடிந்துபோன காயத்துக்கான அளவுகோலை வளரும் நோய்க்கு வைத்தார்கள்.

225 கோடி வரியையும் கவனியுங்கள். மனிதரின் சிறு காயமும் மாட்டின் சாவும் ஒரே வரியில், ஒரே தொகைக்குள். தோராயக் கணக்கில் மீதியைப் போட்டுவைக்கும் இடமாக அது இருந்தது. கடைசியில் இழப்பீடு பெற்றவர்களில் பத்தில் ஒன்பது பங்குக்கு மேல் வந்து விழுந்தது அந்த வரிக்குள்தான்.

பட்டியலும் நிஜமும்

இழப்பீட்டு நீதிமன்றங்கள் 1990களில் வேலை தொடங்கி, ஆண்டுக்கணக்கில் உரிமைகோரல்களை விசாரித்தன. முடிவில் இழப்பீடு பெற்றவர்கள் 5,73,588 பேர். அதில் இறப்பு 5,295. நிரந்தர ஊனம் 4,902. மிகக் கடுமையான பாதிப்பு 42. தற்காலிக ஊனம் 35,455. சிறு காயம் 5,27,894.

1989 கணக்கோடு இதை ஒப்பிட்டால், இறப்பு எதிர்பார்த்ததைவிட முக்கால் பங்கு கூடுதல். மொத்தப் பாதிப்போ ஐந்து மடங்குக்கு மேல். ஆனால் நிரந்தர ஊனம் 30,000 என்று எதிர்பார்த்த இடத்தில் 4,902. மிகக் கடுமை 2,000 என்ற இடத்தில் 42. சிறு காயம் மட்டும் 50,000 என்று எதிர்பார்த்தது பத்து மடங்குக்கு மேல் வீங்கியிருக்கிறது.

இதற்கு இரண்டு விளக்கம் சொல்லலாம். வாயு பரந்து படர்ந்தது, ஓரத்தில் இருந்த பலருக்கு லேசான பாதிப்புத்தான் என்பது ஒன்று. அதில் உண்மை இருக்கிறது. நகரத்தின் 56 வட்டங்களில் 36 பாதிக்கப்பட்டவை என்று அறிவிக்கப்பட்டன. ஆலையை ஒட்டிய குடிசையில் இருந்தவரும் சில கிலோமீட்டர் தள்ளி இருந்தவரும் ஒரே அளவு வாயுவைச் சுவாசித்திருக்க முடியாது. ஆனால் முழு வேறுபாட்டையும் இது விளக்காது. இறப்பு கூடியிருக்கும்போது கடும் நோய் மட்டும் ஆறில் ஒரு பங்காகக் குறைந்தது என்பதை என்னால் நம்ப முடியவில்லை.

இரண்டாவது விளக்கம் பரிசோதனையில் இருக்கிறது. 1987 முதல் அரசு மருத்துவர்கள் உரிமைகோரியவர்களைச் சோதித்து ஒவ்வொருவருக்கும் ஒரு கோப்புத் தயாரித்தார்கள். 1991இல் உச்ச நீதிமன்றம் பதிவு செய்தபடி, மதிப்பிடப்பட்ட 3,58,712 கோப்புகளில் 1,55,203 பேருக்குக் காயமே இல்லை. அதாவது நூற்றுக்கு 43 பேருக்கு. நிரந்தரமாக முழு ஊனமானவர்கள் 40 பேர்.

நாள்பட்ட மூச்சு நோய் நாளுக்கு நாள் மாறும். கோடையில் நன்றாக இருப்பவர் மழைக்காலத்தில் மாடிப்படி ஏற முடியாமல் உட்காருவார். ஒருநாள் சோதனையில் அது அகப்படாமல் போகலாம். எக்ஸ்ரே சுத்தமாக இருந்தும் நுரையீரலின் சிறு குழாய்கள் அடைபட்டிருக்கலாம். அப்புறம், 1984இல் சிகிச்சை எடுத்ததற்கு ஆதாரம் கேட்டார்கள். அந்த இரவு உயிர் பிழைக்க ஓடியவர் எந்த ஆஸ்பத்திரிச் சீட்டைப் பத்திரப்படுத்தியிருப்பார்? ஆதாரம் இல்லாத இடத்தில் கீழ்வகைதான் கிடைக்கும். கடும் நோய் என்று ஒத்துக்கொள்ள ஆதாரம் வேண்டும். சிறு காயம் என்று எழுத எதுவும் வேண்டாம். இப்படி ஒரு முறை ஐயம் வரும்போதெல்லாம் ஒரே பக்கமாகச் சாயுமானால், லட்சக்கணக்கான கோப்புகளில் அந்தச் சாய்வு சேர்ந்து பெரிய தொகையாகிவிடும்.

25,000 ரூபாய் எதற்குப் போதும்?

சிறு காய வகையில் வந்தவருக்குக் கிடைத்தது பெரும்பாலும் 25,000 ரூபாய். இதை நோய்ச் செலவு முறையில் ஒருமுறை சோதித்துப் பார்க்கலாம். கீழே வருவது நான் எடுத்துக்காட்டாக வைத்துக்கொள்ளும் எண்கள்.

வயது 30, தினக்கூலி 20 ரூபாய். மாதத்தில் 8 நாள் மூச்சு முட்டி வேலைக்குப் போக முடியவில்லை என்று வைப்போம். மாதம் 160, ஆண்டுக்கு 1,920 ரூபாய் போய்விட்டது. மருந்துக்கு மாதம் 50 என்றால் ஆண்டுக்கு 600. ஆக ஆண்டுக்கு 2,520. இன்னும் 25 ஆண்டு உழைக்கும் வயது இருக்கிறது. நேராகப் பெருக்கினால் 63,000 ரூபாய். இது கூலியும் மருந்து விலையும் ஏறவே ஏறாது என்று வைத்துக்கொண்டு போட்ட கணக்கு.

எதிர்காலத்தில் வரும் பணத்தை இன்றைய மதிப்புக்குக் கொண்டுவர ஒரு வட்டி வீதம் வைத்துக் குறைக்க வேண்டும். 5 சதவீதம் வைத்தால் 63,000 என்பது சுமார் 35,500 ஆகும். 10 சதவீதம் வைத்தால் சுமார் 22,900. பார்த்தீர்களா, வட்டி வீதத்தை மாற்றினாலே 25,000 தாராளமாகவும் தெரியும், அநியாயமாகவும் தெரியும். நோயாளி அதே நோயாளி. நோய்ச் செலவு ஆய்வு எதைப் படித்தாலும் முதலில் இந்த வீதத்தைத் தேடுங்கள் என்று சொல்வது இதனால்தான். கூலியும் மருந்து விலையும் ஏறும் வேகம் வட்டி வீதத்துக்குச் சமமாக இருந்தால் இரண்டும் ஒன்றையொன்று கழித்துவிடும்; தொகை திரும்ப 63,000க்கே வந்துவிடும்.

அவர் மாதத்தில் 8 நாள் மட்டும்தான் வேலைக்குப் போகவில்லை. 22 நாள் போகிறார். சோதிக்கும் மருத்துவர்களின் கண்ணில் அவர் ஊனமுற்றவர் இல்லை. ஆனால் அவருடைய கடும் உழைப்பு போய்விட்டது. மூட்டை தூக்கியவர் இப்போது டீக்கடையில் குவளை கழுவுகிறார், கூலி பாதி. வேலைக்கு வந்தும் பழைய வேகத்தில் செய்ய முடியாத இந்த இழப்பைச் சேர்க்காவிட்டால் நாள்பட்ட நோயின் செலவில் பெரும்பகுதி காணாமல் போகும்.

வீட்டுக்குள் இருந்த செலவு

நோயாளிக்கு யார் கஞ்சி வைத்தார்கள், யார் வரிசையில் நின்று மாத்திரை வாங்கினார்கள், எந்தப் பிள்ளை பள்ளியை விட்டு வேலைக்குப் போனது? 1989 பட்டியலில் இவற்றுக்கு ஒரு வரிகூட இல்லை. வீட்டு வேலையைப் பணமாக மதிக்கும் பழக்கம் நம் நீதிமன்றங்களில் அப்போது வலுவாக இருக்கவில்லை. போபால் சமரசம் நடந்த அடுத்த மாதம், 1989 மார்ச் 3 அன்று, ஜாம்ஷெட்பூரில் ஒரு விழாப் பந்தல் தீப்பிடித்துப் பலர் இறந்தார்கள். அந்த லதா வாத்வா வழக்கில் உச்ச நீதிமன்றம் 2001இல்தான் இல்லத்தரசியின் உழைப்புக்கு மாதம் 3,000 ரூபாய் என்று மதிப்பு வைத்தது. அதற்குள் போபாலின் பெரும்பாலான கோப்புகள் முடிந்திருந்தன.

கருவில் நடந்த சேதம் இன்னும் வெளியே. வாயு தாக்கிய நேரத்தில் கர்ப்பமாக இருந்த பெண்களில் 24 சதவீதத்துக்கு மேல் கருக்கலைந்தது என்று இந்திய மருத்துவ ஆராய்ச்சிக் கவுன்சிலின் ஆய்வு காட்டியது. பாதிக்கப்படாத பகுதியில் இது 6 சதவீதத்துக்கும் கீழ். வருமானத்தை வைத்து இழப்பை அளக்கும் முறையில் பிறக்காத குழந்தைக்கு வருமானம் இல்லை. தாயின் உடல் இழந்ததும், மனம் இழந்ததும், கணவர் வீட்டில் அவள் கேட்க நேர்ந்த பேச்சும் எதற்குள்ளும் வராது.

தாமதத்தின் விலை

1990 முதல் பாதிக்கப்பட்ட வட்டங்களில் இருந்தவர்களுக்கு மாதம் 200 ரூபாய் இடைக்கால நிவாரணம் வந்தது. அது இறுதி இழப்பீட்டில் கழித்துக்கொள்ளப்பட்டது. அதனால் 25,000 என்று அறிவிக்கப்பட்டவர் கையில் ஒரே தொகையாக 25,000 வாங்கவில்லை. இழப்பீட்டு நீதிமன்றத்துக்கு அலைந்த நாட்களுக்குக் கூலி இல்லை. இடைத்தரகர்களுக்குக் கொடுத்தது தனி.

இதே காலத்தில் ரிசர்வ் வங்கியில் இருந்த பணம் வளர்ந்தது. டாலரில் வைத்திருந்ததால் ரூபாய் சரியச் சரியத் தொகை ஏறியது, வட்டியும் சேர்ந்தது. ஒரு சுற்று இழப்பீடு கொடுத்து முடித்த பின்னும் சுமார் 1,503 கோடி ரூபாய் மிச்சம் இருந்தது. 2004 ஜூலையில் உச்ச நீதிமன்றம் அதைச் சுமார் 5.72 லட்சம் பேருக்குப் பகிர்ந்துகொடுக்கச் சொன்னது. ஒவ்வொருவருக்கும் முன்பு வாங்கிய அளவே இன்னொரு பங்கு கிடைத்தது. பணம் மிச்சமாகி இரட்டிப்பானதை வைத்து, தொகை போதுமானதாகத்தான் இருந்தது என்று வாதிடுபவர்கள் உண்டு. நான் இதை ஏற்கவில்லை. 15 ஆண்டு தாமதமாகக் கொடுத்ததாலும், ரூபாய் மதிப்பு விழுந்ததாலும், கோப்புகள் கீழ்வகைக்குத் தள்ளப்பட்டதாலும் வந்த மிச்சம் அது. காத்திருந்த ஆண்டுகளில் இறந்தவர்களின் பங்கை அவர்களுடைய வாரிசுகள் வாங்கினார்கள்.

நிறுவனத்தின் பக்கத்தில் கணக்கு சுத்தமாக முடிந்தது. 1988ஆம் ஆண்டுக்கான அறிக்கையில் போபால் வழக்கைத் தீர்த்த செலவு பங்கு ஒன்றுக்கு 43 சென்ட் என்று வந்தது. சமரசச் செய்தி வந்ததும் பங்கு விலை ஏறியது. முதலீட்டாளர்கள் இதைவிடப் பெரிய செலவை எதிர்பார்த்திருந்தார்கள் என்பதற்கு வேறு சாட்சி தேவையில்லை.

அலாஸ்காவில் வேறு அளவுகோல்

போபால் சமரசத்துக்கு ஐந்து வாரம் கழித்து, 1989 மார்ச் 24 அன்று, எக்ஸான் வால்டீஸ் என்ற எண்ணெய்க் கப்பல் அலாஸ்கா கடலில் பாறையில் மோதியது. கடற்பறவைகளும் நீர்நாய்களும் பெருமளவில் செத்தன. அலாஸ்கா மாநிலம் பொருளாதார அறிஞர்களை அமர்த்தி ஒரு பெரிய ஆய்வு செய்தது. இனி இப்படி ஒரு கசிவு நடக்காமல் தடுக்க உங்கள் குடும்பம் எவ்வளவு கொடுக்கும் என்று அமெரிக்கா முழுவதும் வீடுகளில் கேட்டார்கள். நடு மதிப்பு குடும்பத்துக்கு 31 டாலர். நாடு முழுவதற்கும் 280 கோடி டாலர். 1991இல் நிறுவனம் 100 கோடி டாலருக்கு மேல் கொடுத்து அரசுகளோடு தீர்த்துக்கொண்டது. கடற்கரையைச் சுத்தம் செய்த செலவு தனி.

போபாலோடு இதைப் பலர் ஒப்பிட்டு ஆத்திரப்பட்டிருக்கிறார்கள். ஆத்திரம் நியாயம். முறையின் வேறுபாட்டையும் பார்க்க வேண்டும். அலாஸ்காவில் கேட்ட கேள்வி, சேதத்தைத் தவிர்க்க மக்கள் என்ன கொடுக்கத் தயார் என்பது. போபாலில் கேட்ட கேள்வி, செத்தவர் என்ன சம்பாதித்திருப்பார் என்பது. முதல் கேள்வியை இந்தியாவில் யாரும் அன்று கேட்கவில்லை. கேட்டிருந்தாலும் ஏழையிடம் கேட்டால் சிறிய எண்தான் வந்திருக்கும், அவரால் கொடுக்க முடிவது அவ்வளவே. எனவே அந்த முறையை அப்படியே கொண்டுவருவதும் தீர்வாகாது. கேள்வியை யாரிடம் கேட்பது என்பதும் அளவின் ஒரு பகுதிதான்.

2010, 2023

2010 ஜூனில் போபால் நீதிமன்றம் ஆலையின் இந்திய அதிகாரிகளுக்கு இரண்டாண்டு தண்டனை கொடுத்தது. நாடு கொதித்தது. அப்போது உள்துறை அமைச்சராக இருந்த ப. சிதம்பரம் தலைமையிலான அமைச்சர்கள் குழு கூடுதல் தொகை அறிவித்தது: இறப்புக்கு 10 லட்சம், நிரந்தர ஊனத்துக்கு 5 லட்சம், புற்றுநோய்க்கும் முழுச் சிறுநீரகச் செயலிழப்புக்கும் 2 லட்சம், தற்காலிக ஊனத்துக்கு 1 லட்சம். ஏற்கெனவே வாங்கியது இதில் கழிக்கப்படும். சிறு காய வகையில் இருந்த 5 லட்சத்துக்கு மேற்பட்டவர்களுக்கு இந்தச் சுற்றில் எதுவும் இல்லை. 1990களில் ஒரு மருத்துவர் கோப்பில் போட்ட வகை, 2010இலும் அவர்களுடைய கதியைத் தீர்மானித்தது.

அதே ஆண்டு மத்திய அரசு 7,844 கோடி ரூபாய் கூடுதலாகக் கேட்டு மறுசீராய்வு மனு போட்டது. 2023 மார்ச் 14 அன்று நீதிபதி எஸ்.கே. கௌல் தலைமையிலான ஐந்து நீதிபதி அமர்வு அதைத் தள்ளுபடி செய்தது. இருபது ஆண்டு கழித்துச் சமரசத்தைத் திறக்க அடிப்படை இல்லை என்றது. பற்றாக்குறை இருந்தால் மத்திய அரசே ஈடுகட்ட வேண்டும் என்று 1991இலேயே சொல்லப்பட்டதை நினைவூட்டியது. 1991 தீர்ப்பு இன்னொன்றும் சொல்லியிருந்தது: இப்போது அறிகுறி இல்லாமல் பின்னால் நோய் வரக்கூடியவர்களுக்கும், பாதிப்போடு பிறக்கும் குழந்தைகளுக்குமாகச் சுமார் ஒரு லட்சம் பேருக்குக் குழுக் காப்பீடு எடுக்க வேண்டும். அது எடுக்கப்படவே இல்லை. இதை மத்திய அரசின் பெரும் அலட்சியம் என்று 2023 அமர்வு குறிப்பிட்டது.

அந்தக் காப்பீடு எடுக்கப்பட்டிருந்தால் வளரும் நோய்க்கு ஒரு வழி திறந்திருக்கும் என்று நினைக்கிறேன். தெரியாத எதிர்காலத்தை ஒரே தொகையில் அடைக்காமல், நோய் வரும்போது கொடுக்கும் ஏற்பாடு அது. நோய்ச் செலவின் நிச்சயமின்மையைக் கையாள இதைவிட நேர்மையான கருவி அந்த நேரத்தில் கையில் இருந்ததில்லை.

இன்னும் வரும் செலவு

2023இல் கலிபோர்னியா பல்கலைக்கழகத்தின் சான் டியேகோ வளாக ஆய்வாளர்கள் வெளியிட்ட ஆய்வு, இந்திய அரசின் குடும்பநல, வேலைவாய்ப்புக் கணக்கெடுப்புகளை எடுத்து, 1985இல் பிறந்தவர்களை மற்ற ஆண்டுகளில் பிறந்தவர்களோடு ஒப்பிட்டது. போபாலிலிருந்து 100 கிலோமீட்டர் வரை, வாயு கசிந்தபோது கருவில் இருந்த ஆண்களிடம் வேலையைப் பாதிக்கும் ஊனம் அதிகம், பிற்காலத்தில் புற்றுநோய் அதிகம், படிப்புக் குறைவு. 36 வட்டங்களின் எல்லையைத் தாண்டி, 1989இல் யாரும் கணக்கில் எடுக்காத ஒரு தலைமுறைக்குச் செலவு போய்ச் சேர்ந்திருக்கிறது. இவர்களில் பலரிடம் எந்த வகையின் கோப்பும் இல்லை.

ஆலை வளாகத்தில் கிடந்த 337 டன் நச்சுக் கழிவு 2025 ஜனவரியில்தான் பீதம்பூருக்கு எடுத்துப் போகப்பட்டு, அந்த ஆண்டின் நடுவில் எரித்து முடிக்கப்பட்டது. மண்ணிலும் நிலத்தடி நீரிலும் இருக்கும் மாசு இதில் சேராது. அந்த நீரைக் குடித்தவர்களின் நோய் வாயு வழக்கின் கணக்கில் வந்ததே இல்லை.

போபாலுக்கு இன்று ஒரு கணக்குப் போடச் சொன்னால் நான் கேட்பது ஒரு புதிய மொத்தத் தொகையை அல்ல. பாதிக்கப்பட்டவர்களுக்காக 2000இல் திறக்கப்பட்ட போபால் நினைவு மருத்துவமனையிலும், சம்பாவனா போன்ற தொண்டு மருத்துவமனைகளிலும், அரசின் வாயு நிவாரண மருத்துவமனைகளிலும் பல ஆண்டுச் சிகிச்சைப் பதிவுகள் இருக்கின்றன. சிறு காயம் என்று முத்திரை குத்தப்பட்டவர்களில் எத்தனை பேர் அதன் பிறகு நாள்பட்ட மூச்சு நோய்க்கும் சிறுநீரக நோய்க்கும் புற்றுநோய்க்கும் சிகிச்சை எடுத்தார்கள் என்று உரிமைகோரல் எண்ணையும் மருத்துவமனை எண்ணையும் இணைத்துப் பார்த்தால் தெரியவரும். மாதிரியாகச் சில ஆயிரம் கோப்புகள் போதும். வேலைக்குப் போகாத நாட்கள், வேலை மாறியதால் குறைந்த கூலி, வீட்டில் பராமரித்தவரின் நேரம், கைக்காசில் வாங்கிய மருந்து ஆகிய நான்கையும் அதே குடும்பங்களிடம் கேட்டுச் சேர்க்க வேண்டும். 2010இல் வெளியே நின்ற 5,27,894 பேரில் யாரை எந்த வகைக்கு மாற்ற வேண்டும் என்பதற்கு அப்போதுதான் ஆதாரம் கிடைக்கும். பற்றாக்குறையை ஈடுகட்டும் பொறுப்பு மத்திய அரசுடையது என்று உச்ச நீதிமன்றம் இரண்டு முறை சொல்லியிருப்பதால், இந்த ஆய்வுக்கு உத்தரவிட வேண்டியதும் அந்த அரசுதான்.